பீட் இல்லா நாற்று மண்கலவை

பீட் இல்லா நாற்று மண்கலவை என்பது முற்றா நிலக்கரி (பீட்) சேர்க்காமல், மக்கிய தாவரக் கழிவுகளைக் கொண்டு தயாரிக்கப்படும் வளர் ஊடகம் ஆகும். விதைகளை முளைக்கவைக்கவும் இளம் நாற்றுகளை நடவுப் பருவம் வரை வளர்க்கவும் இது பயன்படுகிறது. தமிழ்நாட்டில் இக்கலவையின் முதன்மையான பொருள் தென்னை நார்க்கழிவு ஆகும். அதனுடன் மண்புழு உரம், வேப்பம் புண்ணாக்கு, உயிர் உரங்கள் முதலியன சேர்க்கப்படுகின்றன. குழித்தட்டுகளிலும் நெகிழிப் பைகளிலும் காய்கறி, மலர், மர நாற்றுகள் இக்கலவையில் வளர்க்கப்படுகின்றன.

இக்கட்டுரை கலவையின் பொதுவான அமைப்பையும் தயாரிப்பு முறையையும் விளக்குகிறது. சுண்ணாம்புக்கல் நிறைந்த பெரம்பலூர், அரியலூர் மாவட்டங்களில் அதைத் தயாரிக்கும்போது கருதவேண்டியவையும் தனியே தரப்பட்டுள்ளன.

பெயர்

தென்னை நார்க்கழிவு சந்தையில் "கோகோ பீட்" என்ற பெயரில் விற்கப்படுகிறது. பெயரில் பீட் என்ற சொல் இருந்தாலும் இது பீட் அன்று. பீட் என்பது சதுப்பு நிலங்களில் காற்றில்லா நிலையில் தாவரங்கள் முழுமையாக மக்காமல் பல்லாயிரம் ஆண்டுகளாகப் படிந்து உருவாவது. தென்னை நார்க்கழிவு, தேங்காய் மட்டையிலிருந்து கயிற்றுக்கான நாரைப் பிரிக்கும்போது உதிரும் தக்கை போன்ற தூள் ஆகும். பீட் போலவே நீரைப் பிடித்துவைப்பதால் வணிகர்கள் இதற்கு அப்பெயரை இட்டனர். உழவர்கள் இதனை நார்க்கழிவு, தென்னை நார்த்தூள் என்றும் அழைப்பர்.

பீட்டும் அதன் மாற்றும்

குளிர் மண்டல நாடுகளின் தோட்டக்கலையில் இருபதாம் நூற்றாண்டில் பீட் முதன்மை ஊடகமாக ஆனது. 1930களில் இங்கிலாந்தின் ஜான் இன்னஸ் தோட்டக்கலை நிறுவனம் உருவாக்கிய விதைக் கலவையில் தோட்டமண் இரண்டு பங்கும், பீட் ஒரு பங்கும், மணல் ஒரு பங்கும் இருந்தன. பின்னர் மண்ணே இல்லாத, பெரும்பகுதி பீட்டாலான கலவைகள் பரவின.

பீட் நிலங்கள் உலக நிலப்பரப்பில் ஏறத்தாழ 3 விழுக்காடு மட்டுமே. எனினும் உலகக் காடுகளின் தாவரங்கள் அனைத்திலும் உள்ளதைவிட மிகுதியான கரிமம் அவற்றில் தேங்கியுள்ளது. பீட் ஆண்டுக்கு ஏறத்தாழ 1 மில்லிமீட்டர் அளவே வளர்கிறது. நீரை வடித்து அதனை வெட்டியெடுக்கும்போது, சேமிக்கப்பட்ட கரிமம் கரியமில வாயுவாக வெளியேறுகிறது. இதனால் பல நாடுகள் தோட்டக்கலையில் பீட்டின் பயன்பாட்டைக் குறைக்க முற்பட்டுள்ளன. அயர்லாந்தின் அரசு நிறுவனமான போர்ட் நா மோனா 2021 ஆம் ஆண்டில் பீட் அறுவடையை முடித்துக்கொண்டது.

தமிழ்நாட்டிலும் பீட் உண்டு. நீலகிரி மலையின் புல்வெளிப் பள்ளங்களில் பீட் படிவுகள் உள்ளன. ஆர். சுகுமார் முதலானோர் அப்படிவுகளை ஆராய்ந்து, கடந்த 20,000 ஆண்டுகளில் தென்னிந்தியாவின் தட்பவெப்பமும் புல்வெளிகளும் மாறிவந்ததை 1993 ஆம் ஆண்டில் நேச்சர் இதழில் வெளியிட்டனர். இப்படிவுகள் பரப்பில் சிறியவை. மலை ஓடைகளுக்கு நீர் தருபவை. நாற்றங்காலுக்காக வெட்டியெடுக்கத் தக்கவை அல்ல.

தமிழ்நாட்டுச் சமவெளியில் நாற்றங்கால்கள் பீட்டை நம்பி இருந்ததில்லை. தொழு உரமிட்ட மேட்டுப்பாத்தியும், செம்மண் இரண்டு பங்கு, மணல் ஒரு பங்கு, தொழு உரம் ஒரு பங்கு சேர்த்து நிரப்பிய நெகிழிப் பையுமே நெடுங்காலம் வழக்கில் இருந்தன. வீரிய ஒட்டு விதைகளின் விலை உயர்ந்தபோது, ஒரு குழிக்கு ஒரு விதை என விதைக்கும் குழித்தட்டு முறை பரவியது. அம்முறைக்கு எடை குறைந்த ஊடகம் தேவைப்பட்டதால் தென்னை நார்க்கழிவு இடம்பெற்றது.

குழித்தட்டில் வயல் மண் பொருந்தாமை

காய்கறி நாற்றுகளுக்கான 98 குழிகள் கொண்ட தட்டில் ஒவ்வொரு குழியும் சுமார் 4 செ.மீ. ஆழமே உடையது. வயலில் நன்கு வடியும் மண்கூட இவ்வளவு குறைந்த ஆழத்தில் வடிவதில்லை. வயலில் நீர் கீழுள்ள மண்ணால் இழுக்கப்படுகிறது. குழியின் அடியில் காற்று மட்டுமே இருப்பதால், நுண்துளைகள் நீரை விடாமல் பிடித்துக்கொள்கின்றன. இதனால் குழியின் அடிப்பகுதியில் எப்போதும் நீர் நிறைந்த ஓர் அடுக்கு தங்கிவிடுகிறது. துகள்கள் எவ்வளவு நுண்மையானவையோ அவ்வளவு உயரத்திற்கு இவ்வடுக்கு எழும். களிமண்ணில் அது குழி முழுவதையும் நிரப்பி வேருக்குக் காற்றில்லாமல் செய்துவிடும்.

நார்க்கழிவில் நுண்துளைகளோடு பெரிய துளைகளும் உள்ளன. அது தன் எடையைப்போல் ஐந்து மடங்குக்கும் மேற்பட்ட நீரைப் பிடித்துக்கொண்டும், வேருக்கு வேண்டிய காற்றுக்கு இடம் விடுகிறது. சலித்த மிக நுண்ணிய தூளை மட்டும் பயன்படுத்தினால் இந்நன்மை குறைந்துவிடும். அதனால் குறுநார்கள் சில கலந்திருப்பது நல்லது.

தென்னை நார்க்கழிவின் குறைகள்

நார்க்கழிவை மட்டையிலிருந்து பிரித்தவுடன் நேரடியாகப் பயன்படுத்த இயலாது. அதற்கு இரண்டு காரணங்கள் உள்ளன.

முதலாவது உப்பு. தென்னை மட்டையில் சோடியம், பொட்டாசியம், குளோரைடு ஆகியன மிகுந்திருக்கும். கடலோரத் தோப்புகளின் மட்டையிலும், உவர் நீரில் ஊறவைத்த மட்டையிலும் இவை மேலும் கூடுதலாக இருக்கும். உப்பு மிகுந்த கலவையில் விதை முளைத்தாலும் இலை ஓரங்கள் கருகி நாற்று குன்றிவிடும்.

இரண்டாவது மக்காமை. நார்க்கழிவில் லிக்னின் என்னும் கடினப்பொருள் மிகுதி. மக்காத நார்க்கழிவில் கரிமத்திற்கும் தழைச்சத்திற்கும் உள்ள விகிதம் ஏறத்தாழ 112:1 ஆகும். இவ்வளவு கரிமத்தைச் சிதைக்கும் நுண்ணுயிர்கள் தமக்கு வேண்டிய தழைச்சத்தைக் கலவையிலிருந்தே எடுத்துக்கொள்வதால், நாற்று தழைச்சத்தின்றி வெளிறிப்போகும். மக்காத தூளில் உள்ள டானின் முதலிய பீனால் பொருட்களும் வேர் வளர்ச்சியைத் தடுக்கின்றன.

மக்கவைத்தபின் ஏற்படும் மாற்றம் பின்வருமாறு குறிப்பிடப்படுகிறது:

கரிம-தழைச்சத்து விகிதம்: மக்குவதற்கு முன் 112:1, பின் 24:1
லிக்னின்: முன் 30 விழுக்காடு, பின் 4.8 விழுக்காடு
செல்லுலோசு: முன் 26.5 விழுக்காடு, பின் 10.1 விழுக்காடு
தழைச்சத்து: முன் 0.26 விழுக்காடு, பின் 1.06 விழுக்காடு
சாம்பல்சத்து: முன் 0.78 விழுக்காடு, பின் 1.20 விழுக்காடு

தயாரிக்கும் முறை

உப்பு நீக்கல்

நார்க்கழிவு நல்ல நீரில் ஊறவைக்கப்பட்டு, நீர் வடிக்கப்பட்டு, மீண்டும் ஊறவைக்கப்படுகிறது. வடிநீரின் மின்கடத்து திறன் மீட்டருக்கு 0.5 டெசி சீமன் அளவுக்குக் குறையும்வரை இது தொடரும். அளவி இல்லாத இடங்களில் மூன்று அல்லது நான்கு முறை கழுவுவது வழக்கம். கழுவுவதால் நீரில் கரைந்த உப்பு மட்டுமே நீங்கும். துகள்களின் மேற்பரப்பில் பிணைந்துள்ள சோடியத்தையும் பொட்டாசியத்தையும் அகற்ற, கால்சியம் நைட்ரேட் கரைசலில் 24 மணி நேரம் ஊறவைத்துப் பின் நல்ல நீரில் அலசுவர். கழுவிய நீரில் டானின் கலந்து செந்நிறமாக இருக்கும். அதனைக் கிணற்றுக்கோ ஓடைக்கோ அருகில் விடுதல் தகாது.

கட்டிகளாக அழுத்தி விற்கப்படும் நார்க்கழிவில் "கழுவியது", "கழுவாதது" என இரு வகைகள் உண்டு. 5 கிலோ கட்டி ஒன்று நீரில் ஊறியபின் 60 முதல் 75 லிட்டர் வரை பெருகும். கழுவிய கட்டியும் பெரும்பாலும் மக்காததே ஆகும்.

மக்கவைத்தல்

தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகம் பரிந்துரைக்கும் முறையில் சிப்பிக் காளான் வித்தும் யூரியாவும் பயன்படுகின்றன. 1 டன் நார்க்கழிவுக்கு 5 புட்டி காளான் வித்தும் 5 கிலோ யூரியாவும் தேவை. நிழலான இடத்தில் 100 கிலோ நார்க்கழிவு பரப்பப்பட்டு, அதன்மீது ஒரு புட்டி வித்து தூவப்படும். அடுத்த 100 கிலோ அடுக்கின்மீது 1 கிலோ யூரியா தூவப்படும். இவ்வாறு மாறிமாறிப் பத்து அடுக்குகள் இடப்பட்டு, குவியல் சுமார் 1 மீட்டர் உயரத்திற்கு எழுப்பப்படும்.

குவியல் எப்போதும் ஈரமாக இருக்க நீர் தெளிக்கப்படுகிறது. கையில் எடுத்துப் பிழிந்தால் ஓரிரு சொட்டு நீர் மட்டும் கசிவது போதிய ஈரமாகும். காற்றோட்டத்திற்காக இடையிடையே புரட்டிவிடப்படும். ஏறத்தாழ இரண்டு மாதங்களில் நார்க்கழிவு கருநிறமடைந்து, குவியலின் உயரம் குறைந்து, மழை பெய்த மண்ணின் மணம் வீசும். அம்மோனியா நெடியோ சூடோ இருப்பின் மக்குதல் முடியவில்லை என்பது பொருள்.

கலத்தல்

சிறு அளவில் தயாரிப்போர் மூன்று பங்கு மக்கிய நார்க்கழிவுடன் ஒரு பங்கு சலித்த மண்புழு உரத்தைக் கலப்பது வழக்கம். 60 லிட்டர் நார்க்கழிவுக்கு 20 லிட்டர் மண்புழு உரம் என்பது இதன் கணக்கு. மண்புழு உரத்தின் பங்கை இதற்குமேல் கூட்டினால் உப்பும் நுண்துகளும் மிகுந்து வடிகால் குறையும்.

காய்கறி வீரிய ஒட்டு நாற்றுகளுக்கு வேளாண்மைப் பல்கலைக்கழகத்தின் பரிந்துரை, நுண்ணுயிர் நீக்கிய நார்க்கழிவு 300 கிலோவுடன் வேப்பம் புண்ணாக்கு 5 கிலோ, அசோஸ்பைரில்லம் 1 கிலோ, பாஸ்போபாக்டீரியா 1 கிலோ ஆகியவற்றைக் கலப்பதாகும். ஒரு தட்டை நிரப்பச் சுமார் 1.2 கிலோ கலவை தேவை. இணை வரிசை நடவில் 1 எக்டேருக்கு 98 குழிகள் கொண்ட 238 தட்டுகள், அதாவது 23,000க்கும் சற்று மேற்பட்ட நாற்றுகள் கணக்கிடப்படுகின்றன.

கலவையில் உள்ள நோய்க்கிருமிகளைக் குறைக்கச் சித்திரை, வைகாசி வெயிலில் ஈரமான கலவையை ஒளிபுகும் நெகிழித் தாளால் நான்கு முதல் ஆறு வாரங்கள் மூடிவைக்கலாம். வெப்பம் நன்மை தரும் உயிரிகளையும் அழிக்கும் என்பதால் உயிர் உரங்களும் டிரைக்கோடெர்மா விரிடியும் அதன்பின்னரே கலக்கப்பட வேண்டும்.

விதைப்பும் பராமரிப்பும்

விதைகள் கிலோவுக்கு 4 கிராம் டிரைக்கோடெர்மா விரிடி அல்லது 10 கிராம் சூடோமோனாஸ் கொண்டு நேர்த்தி செய்யப்பட்டு, குழிக்கு ஒன்றாக இடப்பட்டு, மெல்லிய கலவையால் மூடப்படும். தட்டுகள் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கப்பட்டு, முளைவிடும்வரை நெகிழித் தாளால் போர்த்தப்படும். ஏறத்தாழ 6 நாட்களில் அவை பிரிக்கப்பட்டு நிழல்வலைக் குடிலில் பரப்பப்படும். நாள்தோறும் பூவாளியால் நீர் தெளிக்கப்படுகிறது. நார்க்கழிவில் ஊட்டம் குறைவாதலால், விதைத்த 18ஆம் நாள் 19:19:19 கலப்பு உரம் லிட்டருக்கு 5 கிராம் வீதம் கரைத்து ஊற்றப்படும். தக்காளி நாற்று ஏறத்தாழ 25 நாட்களிலும், மிளகாய் நாற்று 35 முதல் 40 நாட்களிலும் நடவுக்கு ஆயத்தமாகும்.

பெரம்பலூர், அரியலூர் மாவட்டங்களில்

பெரம்பலூர் மாவட்டம் 1995 ஆம் ஆண்டில் திருச்சிராப்பள்ளி மாவட்டத்திலிருந்து பிரிக்கப்பட்டது. அதிலிருந்து அரியலூர் மாவட்டம் 2007 ஆம் ஆண்டு நவம்பர் 23 முதல் மீண்டும் தனி மாவட்டமாகச் செயல்படத் தொடங்கியது. அரியலூர்ப் பகுதியின் சுண்ணாம்புக்கல், கிரீத்தேசியக் காலக் கடலில் படிந்தது. சிமெண்ட் ஆலைகளுக்கு மூலப்பொருளாகும் இப்பாறையே நாற்றங்கால் வைப்போர் முதலில் கருதவேண்டியதும் ஆகும்.

நீர்

சுண்ணாம்புக்கல் பகுதிகளின் கிணற்று நீரில் கால்சியமும் பைகார்பனேட்டும் கரைந்திருக்கும். வயல் மண்ணின் பெரும் பரப்பில் இதன் விளைவு மெதுவாகவே தெரியும். சிறு குழியில் நாள்தோறும் இந்நீரை ஊற்றும்போது, சில வாரங்களிலேயே கலவை காரத்தன்மை அடைகிறது. கார நிலையில் இரும்புச்சத்து கரையாமல் நின்றுவிடுவதால், இளம் இலைகள் நரம்புகள் மட்டும் பச்சையாக இருக்க மஞ்சளாகும். இதனைத் தழைச்சத்துக் குறைவு எனக் கருதி யூரியா தெளிப்பதால் பயனில்லை. தழைச்சத்துக் குறைவில் முதிர்ந்த இலைகளே முதலில் மஞ்சளாகும். நார்க்கழிவைக் கழுவுவதற்கும் நாற்றுக்கு ஊற்றுவதற்கும் மழைநீரைச் சேமித்துவைப்பது எளிய தீர்வாகும்.

மண்ணும் மணலும்

இங்கு எடுக்கப்படும் மணல், ஏரி வண்டல் முதலியவற்றில் சுண்ணாம்புத் துகள்கள் இருக்கக்கூடும். ஒரு கைப்பிடி மண்ணில் எலுமிச்சைச் சாறு அல்லது காடி விட்டால் நுரைத்துப் பொங்குவது சுண்ணாம்பு உள்ளதைக் காட்டும். அவ்வாறு பொங்கும் மண் நாற்றுக் கலவைக்கு உகந்ததன்று.

பெரம்பலூர்ப் பகுதியின் கரிசல் மண் ஈரத்தில் உப்பி, காய்ந்தால் வெடிக்கும். பருத்திக்கும் மக்காச்சோளத்திற்கும் உகந்த இம்மண், குழித்தட்டில் மேற்கூறிய வடிகால் குறையை முழுமையாகக் காட்டும். உரிய அனுமதியுடன் எடுக்கப்படும் ஏரி வண்டலும் வயலுக்கு நல்ல உரமே, தட்டுக்கு ஏற்றதன்று.

உள்ளூர்ப் பொருட்கள்

இவ்விரு மாவட்டங்களிலும் தென்னை முதன்மைப் பயிர் அன்று. நார்க்கழிவு பெரும்பாலும் தஞ்சாவூர், பொள்ளாச்சி போன்ற தென்னை மிகுந்த பகுதிகளிலிருந்து வரவேண்டியுள்ளது. எனவே அதன் ஒரு பகுதிக்கு ஈடாகப் பின்வரும் பொருட்கள் கருதத்தக்கவை:

மக்காச்சோளச் சக்கை: பெரம்பலூர் மாவட்டத்தில் மக்காச்சோளம் மிகுதியாகப் பயிரிடப்படுகிறது. மணி உதிர்த்த கதிர்ச் சக்கையை நொறுக்கிச் சாணக் கரைசலுடன் மக்கவைக்கலாம். கரிமம் மிகுந்ததாகையால் நன்கு மக்கியபின்னரே பயன்படும்.
உமிக்கரி: கலவைக்குக் காற்றோட்டம் தரும். காரத்தன்மை உடையதால், கடின நீர் உள்ள இடங்களில் பத்தில் ஒரு பங்குக்கு மேற்படாமல், கழுவிச் சேர்ப்பது நல்லது. முற்றும் எரிந்த வெண்சாம்பல் இதற்கு மாற்றாகாது.
கரும்பாலைக் கழிவு: எறையூரில் உள்ள பெரம்பலூர் சர்க்கரை ஆலை போன்ற ஆலைகளில் சாறு வடிக்கும்போது கிடைப்பது. புதிதாக இருக்கையில் சூடேறும்; மக்கியபின் மண்புழு உரத்தின் இடத்தில் சிறிதளவு சேர்க்கலாம்.
முந்திரிச் சருகு: செயங்கொண்டம், ஆண்டிமடம், செந்துறை வட்டாரங்களின் முந்திரித் தோப்புகளில் கிடைக்கிறது. இலை தடித்திருப்பதால் மெதுவாகவே மக்கும்.

பயிர்கள்

மிளகாய், தக்காளி, கத்தரி நாற்றுகளுக்குக் குழித்தட்டு முறை ஏற்றது. ஆலத்தூர் வட்டத்துச் செட்டிகுளம் சின்ன வெங்காயத்திற்குப் பெயர்பெற்ற ஊராகும். சின்ன வெங்காயம் பொதுவாகக் காய்களை ஊன்றியே பயிரிடப்படுகிறது. எக்டேருக்குச் சுமார் 1,500 கிலோ விதை வெங்காயம் தேவைப்படுவதால், விலை உயர்ந்த ஆண்டுகளில் இதுவே சாகுபடிச் செலவின் பெரும்பகுதியாகிறது. கோ (ஓ.என்.) 5 போன்ற, விதை பிடிக்கும் இரகங்களை நாற்றுவிட்டு நடலாம். அவ்வாறு நடும்போது நாற்றின் தரமே பயிரின் தரத்தை முடிவு செய்கிறது.

முந்திரி ஒட்டுக்கன்றுகளுக்கு நார்க்கழிவு மட்டும் போதாது. பையைக் கிழித்து நடும்போது வேர்க்கட்டி உதிராமல் நிற்கவேண்டும் என்பதால் செம்மண் தேவை. செம்மண்ணின் ஒரு பகுதிக்குப் பதிலாக மக்கிய நார்க்கழிவைச் சேர்த்தால் பையின் எடை குறையும்.

பெரம்பலூர் மாவட்டத்தில் வாலிகண்டபுரத்தில் உள்ள ஹேன்ஸ் ரோவர் வேளாண் அறிவியல் நிலையமும், அரியலூர் மாவட்டத்தில் சோழமாதேவியில் உள்ள கிரீடு வேளாண் அறிவியல் நிலையமும் உழவர்களுக்கான பயிற்சி நிலையங்கள் ஆகும்.

கலவையைச் சோதித்தல்

புதிதாகத் தயாரித்த கலவையில் விலைமிகுந்த விதைகளை இடுவதற்கு முன் எளிய சோதனை செய்யப்படுகிறது. ஒரு தட்டில் புதிய கலவையும் மற்றொன்றில் முன்பே நன்கு பயன்பட்ட கலவையும் நிரப்பப்பட்டு, இரண்டிலும் 20 கீரை விதைகளோ பச்சைப்பயறோ விதைக்கப்படும். பத்து நாட்களில் தெரியும் வேறுபாடுகளின் பொருள் வருமாறு:

முளைப்பு குறைதல், இலை ஓரம் கருகுதல்: உப்பு நீங்கவில்லை.
முளைத்து வெளிறி நின்றுவிடுதல்: போதுமான அளவு மக்கவில்லை.
தண்டின் அடி நைந்து சாய்தல்: நாற்றழுகல் நோய், அல்லது வடிகால் குறை.
கலவையின் மேற்பரப்பில் வெண்படிவு: நீரிலோ உரத்திலோ உப்பு மிகுதி.

இச்சோதனைக்கு ஆகும் பத்து நாள், பருவம் தவறி மீண்டும் விதைப்பதற்கு ஆகும் இழப்பைவிடச் சிறிதாகும். வடகிழக்குப் பருவமழையை நம்பிய இப்பகுதியில் ஒரு தொகுதி நாற்று அழிந்தால், அடுத்த தொகுதி ஆயத்தமாவதற்குள் நடவுக்குரிய ஈரம் கடந்துபோகக்கூடும்.

சுற்றுச்சூழல்

நார்க்கழிவு ஒருகாலத்தில் கயிறு ஆலைகளின் அருகே மலைபோல் குவிந்து, மழையில் கரைந்து நிலத்தடி நீரைக் கெடுக்கும் கழிவாக இருந்தது. தற்போது அது நெதர்லாந்து, அமெரிக்கா, சீனா முதலிய நாடுகளுக்கு ஏற்றுமதியாகும் பொருளாக மாறியுள்ளது. பீட் பயன்பாட்டைக் குறைக்க அது உதவினாலும், அதனைக் கழுவ மிகுந்த நல்ல நீர் செலவாகிறது. நெடுந்தூரம் ஏற்றிச்செல்வதற்கு எரிபொருளும் வேண்டும். உள்ளூர்க் கழிவுகளை மக்கவைத்து நார்க்கழிவின் அளவைக் குறைப்பதும், பயன்படுத்திய கலவையை வெயிலில் காயவைத்து மண்புழு உரப் படுக்கையில் சேர்ப்பதும் இச்செலவைக் குறைக்கும் வழிகளாகும்.

இவற்றையும் பார்க்க

முற்றா நிலக்கரி
மண்புழு உரம்
நாற்றங்கால்
தென்னை
அரியலூர் மாவட்டம்
பெரம்பலூர் மாவட்டம்